தைத்து மூடிய பிரசங்கம்

தம்பி கேட்டது இரண்டு சாமான். ஒன்று வறுத்து அரைத்த மிளகாய்த்தூள். மற்றது அப்பாவின் பிரசங்கப் புத்தகம். தபாலில் போடுகிறேன் என்றேன். "இல்லை அக்கா, நீங்களும் வேணும்" என்றான்.

அவனுடைய ஒரே மகள் எஸ்தருக்குப் பதினெட்டு வயது. டென்மார்க்கில் இப்போது பெண்பிள்ளைகளையும் பட்டாளத்துக்குச் சீட்டு எடுக்க வைக்கிறார்கள். அவளுக்கும் கடிதம் வந்துவிட்டது. அவள் பயப்படவில்லையாம். அதுதான் தம்பிக்குப் பயம்.

தம்பி ரண்டர்ஸ் என்ற ஊரில் ஞாயிற்றுக்கிழமைகளில் தமிழ்ச் சனத்துக்கு ஜெபக்கூட்டம் வைக்கிறவன். அந்தப் புத்தகத்தில் யுத்தம் பாவம் என்று ஒரு பிரசங்கம் உண்டு. அதை அவன் வாசிப்பான். முடிந்ததும் நான் எழும்பி என் மகன் ஜீவனைப் பற்றி நாலு வார்த்தை சொல்ல வேண்டும். யுத்த காலத்தில் இயக்கம் அவனைப் பிடித்துக்கொண்டு போனதையும் அவன் திரும்பி வராததையும் சொல்ல வேண்டும். எஸ்தர் கேட்டு மனம் மாறுவாள் என்பது தம்பியின் எண்ணம்.

ஒன்றை இங்கே முதலிலேயே எழுதிவிடுகிறேன். ஜீவனை ஒருவரும் பிடித்துக்கொண்டு போகவில்லை. தானாகத்தான் போனான். அது எனக்கு மட்டும் தெரியும். தம்பிக்குச் சொன்னது பொய். இப்போது அந்தப் பொய்யைச் சபைக்கு முன் நின்று சொல்லக் கூப்பிடுகிறான்.

புத்தகத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். அமெரிக்கப் பாதிரிமார் யாழ்ப்பாணத்துக்கு வந்து பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் கட்டியது பழைய கதை. தங்கள் நாட்டில் தங்களுக்கு முந்திய போதகர்கள் செய்த பிரசங்கங்களையும் தமிழாக்கி அச்சடித்தார்கள். குடி, சூது, பொய், ஓய்வுநாள் எல்லாவற்றுக்கும் அதில் ஒவ்வொரு பிரசங்கம் இருக்கிறது. யுத்தத்துக்கு மட்டும் இரண்டு. ஒன்று துப்பாக்கி தூக்கிப் போகிற ஆட்களை ஆசீர்வதித்து அனுப்புகிறது. மற்றது யுத்தம் பாவம் என்கிறது. இரண்டையும் சொன்னவர் ஒரே ஆளா என்று தெரியாது. பேர் இருந்த தாளைக் கறையான் தின்றுவிட்டது.

பொடியள் இயக்கத்துக்குப் போகத் தொடங்கிய காலத்தில் அப்பா முதலாவதைத் தைத்து மூடிவிட்டார். பன்னிரண்டு பக்கம். விளிம்போடு நெருக்கமான தையல். வேத காரியம் என்பதால் கிழித்தெறிய அவருக்கு மனம் வரவில்லை. தம்பி அதற்குள் டென்மார்க்குக்குப் போய்விட்டான். வீட்டு ஜெபத்தில் அப்பா அடிக்கடி வாசித்த மற்றப் பிரசங்கம் மட்டும்தான் அவனுக்கு ஞாபகம்.

அந்தத் தையல் இப்போது இல்லை.

கட்டுநாயக்கா விமான நிலையத்தில் ஒரு அதிகாரி புத்தகத்தைப் பிரட்டினார். பைபிளா என்று கேட்டார். ஓம் என்றேன். அதுவும் முழு உண்மை இல்லை.

கொப்பன்ஹேகனில் என்னைக் கூட்டிப்போக வந்தவர் சிவம். தம்பியோடு ஒரே அகதி முகாமில் இருந்தவர். இப்போது பக்கத்து ஹ்விடோவ்ரேயில் வீடு, முதியோர் இல்லத்தில் வேலை. நெற்றியில் திருநீறு, தலையில் கம்பளித் தொப்பி. அங்கே அது கோடைகாலமாம். எனக்குக் காது விறைத்தது.

"வேதக்கார அக்காவைச் சைவக்காரன் வந்து ஏத்துறன். கர்த்தர் கோவிக்க மாட்டாரோ?" என்றார்.

"பெட்டியைத் தூக்கினா கோவிக்க மாட்டார்."

தூக்கினார். "என்ன அக்கா, கருங்கல்லோ உள்ளுக்கு?"

"மிளகாய்த்தூள். நான் வேலை செய்யிற மில்லில வறுத்தது."

"அப்ப பக்குவமாத் தூக்கவேணும். இது வெடிச்சா டென்மார்க் முழுக்கத் தும்மும்."

அவர் மனைவி புட்டும் மீன்குழம்பும் வைத்திருந்தார். ஆறு மணிக்கே இராச்சாப்பாடு. வெளியில் நல்ல வெயில் எறிக்க என்னைப் படுக்கச் சொன்னார்கள். ஊரில் அந்த வெயிலுக்கு மிளகாய் காயப் போடலாம்.

சாப்பிடும்போது சிவம் சீட்டு விஷயத்தை விளக்கினார். ஒரு நாளைக்குக் கூப்பிட்டு உடம்பைச் சோதிப்பார்களாம். பிறகு ஒரு நம்பர் எடுக்க வேண்டும். சின்ன நம்பர் என்றால் கூப்பிடுவார்கள். பெரிய நம்பர் என்றால் விடுதலை.

"எங்கட மகனுக்குப் பெரிய நம்பர். நாங்கள் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைச்சம். பக்கத்து வீட்டு டேனிஷ்காரன்ர மகனுக்குச் சின்ன நம்பர். அவையள் கேக் வெட்டினவை" என்று சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. பாயைத் தேடினேன். கட்டில்தான் இருந்தது.

இரண்டாம் நாள் சிவம் என்னை ரயிலில் ஏற்றிவிட்டார். "ரண்டர்ஸ் வரும் மட்டும் எழும்பாதேங்கோ. என்ன சொன்னாலும் எழும்பாதேங்கோ" என்றார். ரயில் வெளிக்கிட்டதும் ஒரு ஆள் வந்து அது தன் சீற் என்று போனைக் காட்டினான். எழும்பினேன். பெட்டி பெட்டியாகப் பின்னுக்கு நடந்து வெறும் சீற் ஒன்றில் இருந்தேன். புத்தகப் பையை மடியில் வைத்துக்கொண்டேன்.

அது கதைக்கக் கூடாத பெட்டி. எனக்கு வசதி. எதிரில் ஒரு பெண் கறுப்புப் பாண் சாப்பிட்டாள். செங்கல்லை மெல்லிசாய் அறுத்தது போல இருந்தது. அதன்மேல் மீன். பச்சை மீன் என்றுதான் நினைக்கிறேன். ரயில் கடலுக்கு மேலால் போனது. நான் கீழே பார்க்கவில்லை. சபைக்கு முன் என்ன சொல்வது என்று யோசித்துக்கொண்டு போனேன். பொய்யைத்தான் சொல்ல வேண்டும். இத்தனை வருஷம் சொன்ன பொய். இன்னொரு தரம் சொன்னால் ஒரு பிள்ளை தப்பும் என்று மனத்துக்குச் சொன்னேன். மனம் ஏற்கவில்லை.

ஒரு இடத்தில் அறிவிப்பு ஒன்று சொன்னார்கள். சிலர் பைகளை எடுத்துக்கொண்டு முன்னுக்குப் போனார்கள். எழும்பாதே என்று சிவம் சொன்னபடியால் நான் எழும்பவில்லை. கொஞ்ச நேரத்தில் போன் பெரிய சத்தமாக அடித்தது. பெட்டி முழுக்க என்னைப் பார்த்தது.

"அக்கா, வைலே ஸ்டேசன் தாண்டிட்டியளோ?" தம்பி.

"பலகையில வேற என்னவோ போட்டிருக்கு. கே, ஓ, எல், டி..."

"கடவுளே, கோல்டிங்! பின்பக்கத்திலயோ இருந்தனீங்கள்? ரயில் ரெண்டாப் பிரியிறது. பின்துண்டு வேற இடத்துக்குப் போகும்!"

"ரயில் பிரியும் எண்டு ஆர் கண்டது? எங்கட யாழ்தேவி ஒண்டாத்தானே வரும்."

"இறங்குங்கோ அக்கா! கெதியா இறங்குங்கோ!"

இறங்கினேன். மேடையில் எல்லாரும் போய்விட்டார்கள். ஒரு கிழவர் மட்டும் நின்றார். அவரிடம் போனைக் கொடுத்தேன். தம்பி அவருடன் கதைத்தான். கிழவர் என் பெட்டியை உருட்டிக்கொண்டு சரியான மேடைக்குக் கூட்டிப்போனார். ரயில் வரும்வரை பக்கத்தில் நின்றார். கறுப்பு மிட்டாய் ஒன்று தந்தார். வாயில் போட்டால் உப்பு. மருந்துக் குளிசை நாக்கில் கரைந்தது போல இருந்தது. துப்ப வெட்கம். விழுங்கினேன். அவர் ஏதோ கேட்டார். ஓம் என்றேன். சந்தோஷமாக இன்னொன்று தந்தார்.

ரண்டர்ஸில் தம்பி மேடையிலேயே நின்றான். முடி முழுக்க நரைத்துப் போயிருந்தான். கட்டிப் பிடித்துவிட்டு முதல் கேட்டது, "புத்தகம் பத்திரமோ?"

தம்பிக்குக் காற்றில் கரண்ட் எடுக்கிற காற்றாடிக்கு இறகு செய்கிற தொழிற்சாலையில் வேலை. அவன் மனைவி ரஞ்சிக்கு வயோதிபர்களைப் பார்க்கிற வேலை. எஸ்தர் உயரமான பிள்ளை. முடியைக் கட்டையாய் வெட்டியிருந்தாள். தகப்பன் தமிழில் கேட்க அவள் டேனிஷில் பதில் சொன்னாள். ஒரே அறையில் இரண்டு ரேடியோ போட்டது போல இருந்தது. எனக்கு டேனிஷ் தெரியாது என்பதால் என்னோடு மட்டும் தமிழ். ஒவ்வொரு சொல்லாய்த் தேடி எடுத்துக் கதைத்தாள்.

"மாமி, ரெயின் உடைஞ்சதா?"

"உடையேல்ல. பிரிஞ்சது."

"எல்லாருக்கும் நடக்கும். எனக்கும் நடந்தது. ஆனா நான் அழல்ல."

"நானும் அழேல்ல."

"அப்பா அழுதார். அவர் வீட்டில இருந்து."

மூன்றாம் நாள் தம்பி கை கழுவிவிட்டுப் புத்தகத்தை விரித்தான். நேரே தனக்கு வேண்டிய பிரசங்கத்துக்குப் போனான். தையல் பிரித்த பன்னிரண்டு பக்கமும் அவன் விரலுக்குக் கீழே ஒன்றாய்ப் புரண்டன. நான் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றேன். அவன் பார்க்கவில்லை.

"நீங்கள் நீட்டிச் சொல்ல வேண்டாம் அக்கா. பிடிச்சுக்கொண்டு போனவங்கள், பிரேதமும் கிடைக்கேல்ல. அவ்வளவும் போதும்."

"ம்."

"அழுதாலும் பரவாயில்லை."

நான் மிளகாய்த்தூளைப் போத்தலில் நிரப்பினேன்.

அடுத்த நாள் வியாழக்கிழமை, சீட்டு. தம்பி லீவு எடுக்கவில்லை. ரஞ்சி அந்தக் கட்டடத்துப் படி மிதிக்க மாட்டேன் என்றாள். எஸ்தர் என்னிடம் வந்தாள். "மாமி வாறீங்களா? அங்க கோப்பி சும்மா குடுப்பாங்கள்."

போனேன். கூட வந்த ஆட்களுக்கு ஒரு அறை. கோப்பி கசப்பு. ஒரு டேனிஷ் தகப்பன் மகனின் தோளில் தட்டி ஏதோ சொல்ல, பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். எஸ்தர் எனக்குச் சொன்னாள்: "பயப்படாத, அங்க சாப்பாடு அம்மாட சாப்பாட்டை விட நல்லது எண்டு சொல்றார்." ஊரில் அப்படி ஒரு தகப்பன் பகிடி விட்டு நான் பார்த்ததில்லை. அங்கே ஆள் பிடிக்க வாகனம் வரும். பிள்ளைகள் காட்டுக்குள் ஓடுவார்கள்.

உள்ளே போய் மூன்று மணித்தியாலத்துக்கு மேல். கண் பார்த்தார்களாம், காது பார்த்தார்களாம். பிறகு கடதாசியோடு வந்தாள். அவளோடு ஃப்ரேயா என்ற சிநேகிதி. இருவரும் ஒரே வகுப்பு. ஃப்ரேயாவின் முகம் வெளுத்திருந்தது.

"எனக்குப் பெரிய நம்பர். ஃப்ரேயாவுக்குச் சின்னது" என்றாள் எஸ்தர்.

தம்பிக்குப் போன் எடுத்தேன். தொழிற்சாலைச் சத்தத்துக்கு மேலால் ஸ்தோத்திரம் ஸ்தோத்திரம் என்று கத்தினான். எனக்கும் மனம் இளகியது. இனி ஒன்றும் சொல்லத் தேவையில்லை, ஊருக்குப் போகலாம் என்று நினைத்தேன்.

பின்னேரம் ரஞ்சி கேசரி கிண்டினாள். தம்பி எல்லாரையும் முழங்காலில் நிறுத்தி நன்றி சொன்னான். எங்கள் ஜெபத்தைக் கேட்டு இந்தப் பிள்ளையைத் தப்புவித்தீரே ஆண்டவரே என்றான். ஆமென் சொல்ல முதல் எஸ்தர் கண்ணைத் திறந்தாள்.

"அப்ப ஃப்ரேயாவுக்குக் கடவுள் இல்லையா?"

தமிழில்தான் கேட்டாள். நானும் கேட்கட்டும் என்று நினைத்தாளோ தெரியாது.

"அது அவையின்ர பாடு" என்றான் தம்பி.

"விருப்பத்தோட போற ஆக்கள் கூடினா, சீட்டில எடுக்கிறது குறையும். நான் போறன் எண்டு கேட்டிருக்கிறன். யோசிக்கச் சொன்னாங்கள். செவ்வாய்க்கிழமை ஒப்பம்."

பிறகு வீடு சத்தமாகிவிட்டது. அவன் தமிழில், அவள் டேனிஷில். கேசரியை ஒருவரும் தொடவில்லை. நான் சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். தைத்து மூடிய பிரசங்கத்தில் இருந்ததும் அதுதான். அயலவன் துவக்குத் தூக்கும்போது வீட்டில் இருக்கிறவன் கை சுத்தமில்லை என்று அந்தப் பாதிரியார் சொல்லியிருப்பார். இந்தப் பிள்ளைக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. எழுத்து வாசிக்காமலே அங்கே வந்து நின்றாள்.

தம்பி என்னைப் பார்த்தான். "ஞாயிற்றுக்கிழமை, அக்கா. இனி நீங்கள்தான்."

வெள்ளி முழுக்க அவன் பிரசங்கத்தைச் சொல்லிப் பார்த்தான். குளிக்கிற அறைக்குள்ளும் கேட்டது.

சனிக்கிழமை தம்பியும் ரஞ்சியும் கடைக்குப் போனார்கள். நான் கறி வைத்தேன். எஸ்தர் குசினி மேசையில் இருந்து புத்தகத்தைப் பிரட்டினாள்.

"மாமி, இது என்ன ஓட்டை? பூச்சியா?"

"ஊசி."

"ஏன்?"

அடுப்பைக் குறைத்தேன். அப்பா தைத்ததைச் சொன்னேன். என்ன எழுதியிருக்கு என்று கேட்டாள்.

"நீ வியாழக்கிழமை சொன்னதுதான்."

அவள் விரலை எடுத்துவிட்டாள். "ஆர் பிரிச்சது?"

சொன்னேன். இடம்பெயர்ந்து வன்னியில் இருந்தோம். இயக்கம் வீட்டுக்கு ஒரு ஆள் கேட்ட காலம். ஒரு மத்தியானம் ஜீவன் சவர அலகால் ஒவ்வொரு தையலாய் அறுத்தான். கிடுகுத் தட்டிக்கு இந்தப் பக்கம் நான் மா அரித்துக்கொண்டு இருந்தேன். நூல் அறுகிற சத்தம் டிக், டிக் என்று கேட்டது. என்ன சத்தம் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் மாவை அரித்தேன். ஏன் என்று கேட்டால் சொல்லிவிடுவான், சொன்னால் நடந்துவிடும் என்று பயம். மூன்றாம் நாள் அவன் இல்லை.

"பிறகு யுத்தம் முடிஞ்சு முகாமில ஆமி விசாரிச்சது. பிடிச்சுக்கொண்டு போனவங்கள் எண்டு சொன்னன். அப்பிடிச் சொன்னாத்தான் விடுவாங்கள். பிறகு அதையே எல்லாருக்கும் சொன்னன்."

"அப்பாவுக்கு?"

"அவனுக்கும்."

கறி அடிப்பிடிக்கும் மணம் வந்தது. கிண்டினேன். அவள் முதுகுக்குப் பின்னால் கேட்டாள். "நாளைக்குச் சர்ச்சில பொய் சொல்லப் போறீங்களா? எனக்காக?"

அகப்பையைத் தட்டிக் கீழே வைத்தேன்.

"ஜீவன் மச்சான் செய்தது சரியா, பிழையா?"

"எனக்குத் தெரியாது பிள்ளை. ரெண்டும் ஒரே புத்தகத்திலதான் இருக்கு."

ஞாயிறு. டேனிஷ் வேதக்கோயிலின் பக்க மண்டபம். பத்துக் குடும்பம் இருக்கும். மட்டக்களப்புச் சனமும் வந்திருந்தது. பிள்ளைகள் பின்வரிசையில் போனோடு. ஊரில் கோயிலுக்குள் காகம் கத்தும். அங்கே ஒரு சத்தமும் இல்லை. கதிரை நகர்ந்தால் எல்லாரும் திரும்பிப் பார்ப்பார்கள்.

தம்பி நன்றாக வாசித்தான். பழைய தமிழ். பாதி எனக்கே விளங்காது. வெற்றி பெற்ற ஊரில் வெறுமையான கதிரைகளைப் பற்றி அந்தப் பாதிரியார் சொல்கிற இடத்தில் ரஞ்சி மூக்கைத் துடைத்தாள். எஸ்தர் முன்வரிசையில் நேராக இருந்தாள். எழும்புகிற நேரம் கால் வராமல் போகட்டும் என்று கும்பிட்டேன்.

"எங்கட அக்கா. யாழ்ப்பாணத்தில இருந்து வந்திருக்கிறா. தன்ர ஒரே பிள்ளையைப் பறிகொடுத்தவ. அவ சொல்லட்டும்."

கால் வந்தது. எழும்பினேன்.

"என்ர மகனை ஒருத்தரும் பிடிச்சுக்கொண்டு போகேல்ல" என்றேன். "தானாப் போனவன். போகப் போறான் எண்டு எனக்குத் தெரியும். ஏன் எண்டு நான் கேக்கேல்ல. பிறகு பிடிச்சவங்கள் எண்டு பொய் சொன்னனான். செத்திட்டான். அவ்வளவுதான்."

இருந்துவிட்டேன்.

யாரோ இருமினார்கள். தம்பி புத்தகத்தைப் பிடித்தபடி நின்றான். கடைசியில் ரஞ்சிதான் கர்த்தருடைய ஜெபத்தைத் தொடங்கினாள். சாப்பாட்டுக்கு இடியப்பம் இருந்தது. எனக்குப் பக்கத்துக் கதிரை வெறுமையாகவே இருந்தது. ஒரு மட்டக்களப்பு மனுஷி மட்டும் வந்து என் தட்டில் சொதி ஊற்றிவிட்டுப் போனாள்.

காரில் தம்பி வெடித்தான்.

"இவ்வளவு வருஷமும் பொய் சொன்னனீங்கள். இண்டைக்குத்தானோ உண்மை வந்தது? என்ர பிள்ளையை நீங்களே அனுப்பிவிட்டிட்டியள் அக்கா."

"நான் என்ர பிள்ளையைக் கேக்கேல்ல. நீ உன்ர பிள்ளையைக் கேள்."

"என்னத்தைக் கேக்கிறது? அவள்தான் சொல்லிப்போட்டாளே!"

"சொன்னவள். நீ கத்தினனீ. கேக்கேல்ல."

ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டு வந்தான். வீட்டுக்குள் போய் மேசையில் இருந்தான். எஸ்தரை முன்னால் இருக்கச் சொன்னான். அடிக்கப் போகிறான் என்றுதான் நினைத்தேன். அவன் டேனிஷில் ஒரு சொல் கேட்டான். ஏன் என்று கேட்டான் என ரஞ்சி எனக்கு மெதுவாகச் சொன்னாள். மகளோடு அவன் டேனிஷ் கதைத்ததை நான் அன்றுதான் கேட்டேன்.

அவள் கதைத்தாள். கனநேரம். நான் கோப்பை கழுவினேன். ஃப்ரேயா என்ற பேர் வந்தது. ஜீவன் என்ற பேர் இரண்டு தரம் வந்தது. வேறொன்றும் எனக்கு விளங்கவில்லை. ஒரு இடத்தில் அவளுக்குக் குரல் உடைந்தது. பயமும் இருக்கிறது என்று சொன்னாளாம், ரஞ்சி பிறகு சொன்னாள். தம்பி மறித்துக் கதைக்கவில்லை. சம்மதம் என்றும் சொல்லவில்லை. கோப்பை எல்லாம் முடிந்து, கழுவினதையே திரும்பக் கழுவினேன்.

திங்கட்கிழமை ஒருவரும் அந்தக் கதை எடுக்கவில்லை. தம்பி வேலைக்குப் போய் வந்தான். சாப்பிட்டான். செவ்வாய்க்கு லீவு சொல்லிவிட்டேன் என்று மட்டும் சொன்னான். தடுக்கவா கூட்டிப் போகவா என்று அவன் முகத்தில் தெரியவில்லை. எனக்கு நித்திரை இல்லை.

செவ்வாய் காலை காரை வாசலுக்குக் கொண்டுவந்தான். எஸ்தர் முன்னுக்கு ஏறினாள். நானும் ரஞ்சியும் பின்னுக்கு. வழி முழுக்க மழை. துடைப்பான் சத்தம் மட்டும்.

கட்டடத்துக்கு முன்னால் நிறுத்தினான். அவள் கதவைத் திறக்க முதல் அவன் இறங்கிச் சுற்றி வந்து குடை பிடித்தான். "நான் விரும்பேல்ல. விளங்குதோ? விரும்பேல்ல" என்றான். "ஓம் அப்பா" என்றாள். இரண்டு பேரும் ஒரே குடைக்குள் படி ஏறினார்கள். ரஞ்சி என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஜீவன் பின்வேலியைப் பிரித்துக்கொண்டு போனவன். விடியும்போது வேலியில் இருந்த ஓட்டையைத்தான் நான் கண்டேன். பிள்ளை ஒன்று முன்வாசலால் போவதை இப்போதுதான் பார்க்கிறேன்.